ஒரு கிரைண்டரும் என் நன்னடத்தையும்

ஆகஸ்ட் 6, புதன்

இன்று நான் குற்றவாளி ஆனேன்.

வாய்ப்பேச்சுக்குச் சொல்லவில்லை. மாஜிஸ்திரேட் தன் வாயாலேயே சொல்லிவிட்டார். சொன்ன மாத்திரத்தில் கோர்ட்டில் மின்விசிறி நின்றது. மரத்தில் காக்கைகள் வாய் மூடின. தாமிரபரணி ஒரு நிமிடம் ஓடாமல் நின்று யோசித்தது. (பிறகு விசாரித்ததில், மின்விசிறி மட்டும் கரண்ட் போனதால் நின்றதாம். மற்ற இரண்டுக்கும் நானே சாட்சி.)

கல்லிடைக்குறிச்சி வாய்க்கால் தெருவில் மிக்சி, கிரைண்டர், தண்ணி மோட்டார் ஆகிய முப்பெரும் நாடுகளையும் ஒரு ஸ்க்ரூ டிரைவரால் ஆண்டுவரும் ஆவுடையப்பன், வயது ஐம்பத்துமூன்று, கல்யாணம் ஆகாதவன், போன வருடம் அம்மன் கோயில் கொடைத் திருவிழாவன்று மைக்செட் பேச்சிமுத்துவின் குழாய் ஸ்பீக்கரைக் கம்பத்திலிருந்து அறுத்து வாய்க்காலில் எறிந்தது உண்மை. தடுக்க வந்த பேச்சிமுத்துவைத் தள்ளியதும், அவன் படித்துறையில் விழுந்து மணிக்கட்டு ஒடிந்ததும் உண்மை. ஏன் செய்தாய் என்று கேட்டார்கள். "சங்கீதத்தின் மானத்தைக் காப்பாற்ற" என்றேன். என் வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டாள்.

வக்கீல் வேறு யாருமில்லை, என் அக்காள் மகள் உலகம்மை. வெளியே வந்ததும் பிடித்துக்கொண்டாள்.

"மாமா, அந்த ஸ்பீக்கர் யார் வீட்டு ஜன்னலைப் பாத்து இருந்துச்சுன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா என்ன?"

"உனக்குச் சங்கீதம் தெரியாது. பேசாம இரு."

"நீங்க பேசாம இருங்க, அது போதும். இன்னும் தண்டனை சொல்லல. முதல் குத்தம்ங்கிறதால நன்னடத்தை அலுவலர்கிட்ட அறிக்கை கேட்டிருக்காரு. அவங்க வந்து உங்களையும் பாப்பாங்க, தெருவுலயும் விசாரிப்பாங்க. நல்ல மனுசன்னு எழுதினா, ஜாமீனுக்கு ஒரு ஆளை நிப்பாட்டி, ஒழுங்கா இருப்பேன்னு பத்திரம் எழுதிக் கொடுத்துட்டு வீட்டுலயே இருக்கலாம். மோசமான ஆளுன்னு எழுதினா பாளையங்கோட்டை ஜெயில்தான். ரெண்டு வருசம்கூட ஆகும்."

"தெருவுல என்னைப் பத்தி யாரு தப்பாச் சொல்லுவா? கல்வெட்டு வைக்கலாமான்னு யோசிச்சுக்கிட்டு இருக்காவ."

"அந்த அதிகாரி வரப்போறது தெருவுல ஒருத்தருக்கும் தெரியக் கூடாது. சொல்லிக் கொடுத்த மாதிரி ஆயிரும். பேசணும்னு நாக்கு துடிச்சா இந்த நோட்டுல எழுதுங்க. எங்கிட்ட சத்தியம் பண்ணுங்க."

பண்ணினேன். ஆக, வாசகரே, இந்த நோட்டு என் நாக்குக்குப் போட்ட பூட்டு.

ஆகஸ்ட் 7, வியாழன்

மாவுக்காரம்மாவின் கிரைண்டர் மறுபடியும் நின்றுவிட்டது.

மாவுக்காரம்மா என்றால் பிரமநாயகி. என் கடைக்கு மூன்று வீடு தள்ளி இட்லி மாவு அரைத்து விற்கிறாள். புருஷன் லாரியோடு போய்ச் சேர்ந்து பல வருடம் ஆகிறது. தெருவே அவளைப் பிரமு என்று கூப்பிடும். தெருவே என்னை அண்ணாச்சி என்று கூப்பிடும், அவளைத் தவிர. அவள் மட்டும் "மெக்கானிக்கு" என்பாள். எவ்வளவு மரியாதைக் குறைச்சல் பாருங்கள். ஒரு தடவையாவது வாய் தவறி அண்ணாச்சி என்று சொல்வாள் என்று பார்க்கிறேன். சொல்ல மாட்டாள்.

"மெக்கானிக்கு, பெல்ட்டு கழண்டுருச்சு."

"போன வாரம்தானே மாட்டுனேன்?"

"நான் என்ன செய்ய? அது கழண்டு கழண்டு போவுது."

உள்ளே போய்ப் பார்த்தேன். பெல்ட் கழன்று, கொடியில் காயப்போட்ட மாதிரி தொங்குகிறது. மாட்டினேன். உலகத்தில் இந்த கிரைண்டரைப் போல் அடம் பிடிக்கும் இயந்திரம் கிடையாது. ராக்கெட் விடுகிறவர்களைக் கூட்டி வந்தாலும் கும்பிடு போட்டுவிட்டு ஓடிப்போவார்கள். நான் ஒருவன் மட்டும் விடாமல் போராடுகிறேன். எல்லாவற்றையும் கச்சிதமாகச் செய்துவிட்டு, அடியில் ஒரு திருகாணியை மட்டும் முழுக்க முடுக்காமல் விடுவேன். இயந்திரமும் கொஞ்சம் மூச்சுவிட வேண்டும் என்பது என் தொழில் கொள்கை. கொள்கையைக் காப்பாற்றியதில் அது சில நாளில் ஆட ஆரம்பிக்கும். கொள்கை என்றால் கொஞ்சம் நஷ்டப்படத்தான் வேண்டும்.

காபி கொடுத்தாள். குடித்தேன். மாவு வாங்கினேன். நான் இதுவரை அவளிடம் வாங்கிய மாவைத் தோசையாக ஊற்றி வரிசையாகப் போட்டால், கால் மண்ணில் படாமல் தூத்துக்குடி போய் வரலாம்.

ஆகஸ்ட் 9, சனி

இன்று முழுக்க நல்லவனாக இருந்தேன். இடுப்பு வலிக்கிறது.

ஆகஸ்ட் 11, திங்கள்

மாவு வாங்கப் போனேன். வழக்கம்போல வாசலில் நின்றேன்.

"கேஸு என்னாச்சு மெக்கானிக்கு?" என்று கேட்டாள். சும்மா கேட்கவில்லை, கரண்டியைப் பானையில் விட்டுவிட்டு, கையைத் துடைத்துக்கொண்டு, நேருக்கு நேராகப் பார்த்துக் கேட்டாள். உண்மை வாய்வரைக்கும் வந்துவிட்டது. பாளையங்கோட்டை, ரெண்டு வருடம் என்றெல்லாம் சொன்னால் இவளுக்குத் தலைவலி வந்துவிடும். வந்தால் மூன்று நாள் கடையைச் சாத்திவிட்டு ஈரத்துணியைக் கட்டிக்கொண்டு இருட்டில் படுத்திருப்பாள். தெருவுக்கு மாவு கிடைக்காது. பொதுமக்கள் நலனை முன்னிட்டுப் பேச்சை மாற்றினேன்.

"கேஸெல்லாம் தூசி. அதைவிடப் பெரிய விசயம் நடக்கு. எனக்குப் பொண்ணு பாக்காவ."

"யாருக்கு?"

"எனக்குத்தான். பாளையங்கோட்டையில ஒரு தலைமையாசிரியை. அவங்க ஒரு பார்வை பாத்தா மூவாயிரம் பிள்ளைங்க மூச்சு விடாதாம். நம்ம பேரைக் கேள்விப்பட்டுச் சொல்லி அனுப்பியிருக்காவ. இந்த வாரம் அண்ணன்காரரைக் கூட்டிக்கிட்டு நேர்லயே வந்து அக்கம்பக்கத்துல விசாரிக்கப் போறாவளாம்."

"டீச்சரா?"

"தலைமையாசிரியை. கண்ணாடி போட்டிருப்பாவ. படிச்சவங்கல்லா."

பிரமு மாவை ஊற்றிப் பாக்கெட்டைக் கட்டினாள். "நல்லது. சந்தோசம்" என்றாள். உண்மையிலேயே சந்தோஷம்தான் போல. எனக்குப் பின்னால் நின்ற நாலு பேரையும் "மாவு தீந்து போச்சு" என்று அனுப்பிவிட்டு அப்போதே ஷட்டரை இறக்கிவிட்டாள்.

வீட்டுக்கு வந்து பார்த்தால் பாக்கெட்டில் பாதி தண்ணீர்.

ஆகஸ்ட் 14, வியாழன்

நன்னடத்தை அலுவலர் வந்தார். பெயர் ஜெசிந்தா. ஐம்பது வயது இருக்கும். கண்ணாடி, கறுப்புப் பை, இஸ்திரி மடிப்புக் கலையாத சேலை. கூடவே ஆபீஸ் உதவியாளர் ராஜமணி, ஓய்வு பெறும் வயது, நெற்றியில் பட்டை விபூதி.

ராஜ வரவேற்பு கொடுத்தேன். ஸ்டூலைத் துடைத்தேன். கோல்டு ஸ்பாட் காலத்திலிருந்து என்னிடம் இருக்கும் கண்ணாடி டம்ளரில் எலுமிச்சை ஜூஸ். எல்லாவற்றையும் கேட்டார்: வருமானம், குடி, கூட்டாளிகள், கோபம்.

"கோபமா? என் கடையில ஈ எறும்பு கடிச்சாலும் மன்னிப்புக் கேட்டுட்டுத்தான் தட்டிவிடுவேன் மேடம்."

"போன வருசம் பேச்சிமுத்துவைத் தள்ளும்போது கேட்டீங்களா?"

அம்மையாருக்கு நகைச்சுவை கிடையாது. இருந்தாலும் நியாயமான ஆள். கிளம்பும்போது சொன்னார்: "தெருவுல விசாரிக்கும்போது கோர்ட்டுல இருந்து வரேன்னு சொல்ல மாட்டேன். ஒரு மனுசன் திருந்தி வாழணும்னா அவன் பேரு மிச்சம் இருக்கணும். இவரைப் பத்தித் தெரிஞ்சுக்கணும், நல்லதுக்குத்தான்னு பொதுவாக் கேப்பேன். அதுதான் எங்க வழக்கம்."

எழுந்து நின்று கும்பிட்டேன். நடிப்பில்லை.

கடைக்குள்ளிருந்து ஒரு கண்ணால் மோட்டாரையும் ஒரு கண்ணால் தெருவையும் பார்த்தேன். பேச்சிமுத்து வீட்டுக்குள் போனார்கள், வந்தார்கள். அப்புறம் பிரமு வீடு. போனவர்கள் வரவில்லை. நேரம் போகிறது, போகிறது, ஒரு யுகம் போய் அடுத்த யுகம் பிறக்கிறது. என்னைப் பற்றிச் சொல்ல அவளிடம் அவ்வளவு இருக்கிறதா? மோட்டாருக்குக் காயில் கட்டிக்கொண்டே பாட்டுப் பாடினேன்.

வெளியே வந்த ஜெசிந்தா அம்மையார் என் கடைப் பக்கம் திரும்பவே இல்லை. ராஜமணிதான் திரும்பிப் பார்த்தார். பாம்புக் கூடையைப் பார்ப்பதுபோல இருந்தது அந்தப் பார்வை.

ஆகஸ்ட் 15, வெள்ளி

பள்ளிக்கூடத்தில் கொடியேற்றினார்கள். மிட்டாய் கொடுத்தார்கள், இரண்டு வாங்கினேன். ஒன்றை எடுத்துக்கொண்டு பிரமு வீட்டு வாசலுக்குப் போனேன். "மாவு இல்ல" என்றாள். அவளுக்குப் பின்னால் மூன்று பானை பொங்கி வழிகிறது.

இரண்டு மிட்டாயையும் நானே தின்றேன்.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

கிரைண்டர் பழுதாகவில்லை. இது இயற்கைக்கு மாறானது.

மத்தியானம் உலகம்மை போன் செய்தாள்.

"மாமா, உங்களுக்கு வலிப்பு வருமா?"

"என்னது?"

"ராத்திரி குடிச்சிட்டு வந்து பாத்திரத்தையெல்லாம் தூக்கி வீசுவீங்களாமே. அம்பையில ஒரு குடும்பம் வச்சிருக்கீங்களாமே. கோபம் வந்தா ஸ்பானரைத் தூக்கிக்கிட்டு ஆள் ஆளா விரட்டுவீங்களாமே. குளிக்கவே மாட்டீங்களாமே."

"குளிக்க மாட்டேனா!" என்று கத்தினேன். மற்றதைவிட அதுதான் சுருக்கென்றது.

"தெருவுல ஒருத்தர் மேடத்துகிட்ட அடுக்கு அடுக்காச் சொல்லியிருக்காரு. யாருன்னு சொல்ல மாட்டாங்க. அவங்க நியாயமானவங்க, அதனால எழுதுறதுக்கு முன்னால வெள்ளிக்கிழமை ஆபீசுக்கு வந்து பதில் சொல்லச் சொல்றாங்க. அறிக்கை இப்படியே போச்சுன்னா மாஜிஸ்திரேட் ரெண்டாவது தடவை யோசிக்க மாட்டாரு." பிறகு குரலைத் தணித்துக்கொண்டாள். "மாமா, எனக்குப் பயமா இருக்கு."

உலகம்மை நாலு வயதில் கிணற்றுக்குள் எட்டிப் பார்த்துவிட்டு "ஆழம் கம்மி" என்று சொன்னவள். அவள் பயமாக இருக்கிறது என்று சொல்லி நான் கேட்டதில்லை.

ராத்திரி பெட்டியில் இரண்டு வேட்டி, ஒரு துண்டு எடுத்து வைத்தேன். எடுத்து வைத்தால் என்ன, வேட்டி பெட்டியில் இருப்பதுதானே முறை.

ஆகஸ்ட் 20, புதன்

சொன்னவன் பேச்சிமுத்துதான் என்று முடிவு கட்டிக்கொண்டு விடிந்ததும் கிளம்பினேன். அவன் வாசலில் உட்கார்ந்து வயர் சுற்றிக்கொண்டிருந்தான். ஒடிந்த கை கூடிவிட்டாலும் அந்தக் கை கொஞ்சம் சோம்பேறியாகத்தான் சுற்றுகிறது. அதைப் பார்த்ததும் கொண்டுபோன கோபத்தில் பாதி அங்கேயே கொட்டிப்போயிற்று.

"ஏன் வே, நான் குளிக்க மாட்டேனா?"

"விடிஞ்சதும் விடியாததுமா வந்து கேக்கான் பாரு கேள்வி. என்ன வே ஆச்சு?"

சொன்னேன். உலகம்மைக்குச் செய்த சத்தியம் பாளையங்கோட்டைக்கு முன்னால் எம்மாத்திரம். அந்த அதிகாரி யார், எதற்கு வந்தார், எல்லாவற்றையும் கொட்டினேன். பேச்சிமுத்து வயரைக் கீழே வைத்தான்.

"நான் உள்ளதைச் சொன்னேன் வே. கிறுக்குப் பய, ஆனா நல்லவன்னேன். தள்ளுனதும் அவன்தான், தோள்ல தூக்கிப் போட்டுக்கிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுனதும் அவன்தான்னேன். கட்டுப் போட்டிருந்த வரைக்கும் வீட்டுக்கு வந்து என் ஆம்ப்ளிஃபயரை ஓசியில பாத்துக் கொடுத்தான்னு சொன்னேன். கேஸு கொடுத்தவன் நானு, நானே சொன்னேன்."

"அப்ப யாரு வே?"

"அந்த அம்மா எந்த வீட்டுல ரொம்ப நேரம் இருந்தாவ?" என்றான். என்னைப் பாவமாகப் பார்த்தான். "போயி நீரே கேளும்."

பிரமு கடைக்குப் போனேன். உள்ளே கிரைண்டர் ஓடிக்கொண்டிருந்தது. முதல் தடவையாக, பழுது எதுவும் இல்லாமலே படியேறி உள்ளே போனேன்.

"மாவு இல்ல."

"மாவு வேண்டாம். அன்னைக்கு வந்தவங்ககிட்ட என்ன சொன்ன?"

"கேட்டாவ, சொன்னேன்." திரும்பவில்லை. "ஏன், டீச்சரம்மா வேண்டாம்னு போயிட்டாவளோ?"

"எந்த டீச்சரம்மா?"

"அதான், பாளையங்கோட்டை. கண்ணாடி போட்டுக்கிட்டு, விபூதி பூசின அண்ணன்காரரைக் கூட்டிக்கிட்டு வந்தாவல்லா. குடிப்பாரா, கோவம் வருமா, சம்பாத்தியம் எப்படின்னு கல்யாணத்துக்குக் கேக்க மாதிரியே ஒவ்வொண்ணாக் கேட்டாவ. நல்லதுக்குத்தான் கேக்கேன்னு வேற சொன்னாவ."

"அது டீச்சர் இல்ல. கோர்ட்டு அதிகாரி. என்னை ஜெயிலுக்கு அனுப்பவா, வீட்டுல விடவான்னு முடிவு பண்ண வந்தவங்க."

பிரமு திரும்பினாள்.

"நீங்கதானே டீச்சர் வாராவன்னு சொன்னீய?"

"சும்மா சொன்னேன்."

"சும்மாவா?"

"டீச்சரே கிடையாது. பாளையங்கோட்டையில எனக்காகக் காத்துக்கிட்டு இருக்கிற ஒரே இடம் ஜெயிலுதான்."

பிரமு கிரைண்டரை நிறுத்தினாள். அரிசி மூட்டையின்மேல் உட்கார்ந்தாள். முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். சிரித்தாளா அழுதாளா என்று தெரியாது. நான் குனிந்து பெல்ட்டைச் சோதித்துக்கொண்டிருந்தேன். பெல்ட் நன்றாகத்தான் இருந்தது. ஆனாலும் நெடுநேரம் சோதித்தேன்.

ஏன் அப்படியெல்லாம் சொன்னாய் என்று கேட்கவில்லை. தொழிலாளி தொழிலுக்குச் சம்பந்தமில்லாத கேள்வி கேட்கக் கூடாது.

"வெள்ளிக்கிழமை எந்த பஸ்ஸு?" என்றாள்.

ஆகஸ்ட் 21, வியாழன்

தோசை நன்றாக வந்தது. இன்றைய மாவில் தண்ணீர் இல்லை.

ஆகஸ்ட் 22, வெள்ளி

உலகம்மை, பிரமு, நான் மூவரும் ஆபீசுக்குப் போனோம். பிரமு மடியில் ஒரு மஞ்சள் பை. பஸ்ஸில் அதை ஒரு தடவைகூடக் கீழே வைக்கவில்லை.

ஜெசிந்தா அம்மையார் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார்.

"அன்னைக்கு ஒண்ணு சொன்னீங்க, இன்னைக்கு ஒண்ணு சொல்றீங்க. எது பொய்?"

"அன்னைக்குச் சொன்னதும்மா."

"ஏன் பொய் சொன்னீங்க? இவங்க ஆளுங்க மிரட்டி இப்ப மாத்திப் பேசுறீங்கன்னு நான் ஏன் நினைக்கக் கூடாது?"

பிரமு சுவரில் மாட்டியிருந்த காலண்டரைப் பார்த்தாள். உலகம்மையைப் பார்த்தாள். என்னை மட்டும் பார்க்கவில்லை. "மெக்கானிக்கை வெளிய போகச் சொல்லுங்க" என்றாள்.

வராந்தாவில் நிற்க வைத்தார்கள். நான் ஒட்டுக் கேட்கும் ஜாதி இல்லை. ஜன்னல்தான் நகர்ந்து நகர்ந்து என் காதருகே வந்து நின்றது.

"நீங்க அவருக்குப் பொண்ணு பேச வந்திருக்கீங்கன்னு நினைச்சேம்மா."

"நானா? யாருக்குப் பேச?"

"உங்களுக்குத்தான். பொண்ணே நீங்கதான்னு நினைச்சேன். இவரு உங்க அண்ணன்னு."

ராஜமணிக்கு அப்படி ஓர் இருமல் வந்தது. யாரோ தண்ணீர் ஊற்றிக் கொடுக்கும் சத்தம்.

"சரி." அம்மையார் குரல் கொஞ்சம் தடுமாறிப் பிறகு நிமிர்ந்தது. "அப்படியே இருந்தாலும், ஒருத்தருக்கு நல்லது நடக்குறதை ஏன் கெடுக்கணும்?"

சைக்கிள் மணி ஒன்று அடித்துக்கொண்டு தெருவில் போனது. அப்புறம் பிரமு சொன்னாள்:

"கிரைண்டர் பெல்ட்டை நான்தாம்மா கழட்டி விடுவேன்."

"எந்த பெல்ட்டு?"

"மாவு அரைக்க கிரைண்டர். அது கழண்டாத்தான் அந்த மனுசன் படியேறி உள்ள வருவாரு. ஒரு காபி குடிப்பாரு. ஏதாவது பொய்யாச் சொல்லிச் சிரிக்க வைப்பாரு. இல்லன்னா வாசல்லயே நின்னு மாவை வாங்கிக்கிட்டுப் போயிருவாரு. டீச்சர் வந்துட்டா, அப்புறம் எந்த பெல்ட்டு கழண்டு என்னம்மா பிரயோசனம்?"

வராந்தாவில் ஒரு தூண் இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டேன். நல்ல வெயில்.

"அந்த ஸ்பீக்கர்?" என்று கேட்டது அம்மையார் குரல்.

"எனக்கு ஒத்தைத் தலைவலிம்மா. வந்தா உசுரு போயிரும். கொடையன்னைக்கு ஜன்னலுக்கு நேரா கட்டிட்டாவ. திருப்பி வைக்கச் சொல்லி அவருதான் திரும்பத் திரும்ப அலைஞ்சாரு. யாரும் கேக்கல."

"இதை அவர் கோர்ட்டுல சொல்லலையே?"

"சங்கீதத்தின் மானம்னு சொன்னாரு மேடம்" என்றாள் என் வக்கீல்.

என்னை உள்ளே கூப்பிட்டார்கள். ஏன் சொல்லவில்லை என்று அம்மையார் கேட்டார். பதிலுக்கு ஒரு மகா பிரசங்கம் தயாராக வைத்திருந்தேன். வாயைத் திறந்ததும் வேறு ஏதோ வந்தது: "அவங்க பேரைக் கோர்ட்டுல இழுக்க மனசு வரல மேடம்." அதற்குமேல் அந்தக் குழாயில் தண்ணீர் வரவில்லை. ஆனால் விசாரணை என்று வந்துவிட்டால் முழு உண்மையும் சொல்வது குடிமகன் கடமை அல்லவா? ஆகவே இதையும் சொன்னேன்: "பெல்ட்டு விசயம் எனக்குத் தெரியாது. திருகாணியை முடுக்காம விட்டது நான்தான்."

பிரமு அப்போதுதான் திரும்பிப் பார்த்தாள்.

ஒருத்தி பெல்ட்டைக் கழற்ற, ஒருவன் திருகாணியைத் தளர்த்த, அந்த கிரைண்டர் இத்தனை வருடம் மாவு அரைத்ததை விஞ்ஞானிகள் வந்து ஆராய வேண்டும்.

அம்மையார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். சிரிக்கவில்லை. "ஆனா பேச்சிமுத்து கை ஒடிஞ்சது ஒடிஞ்சதுதான். உங்க காரணம் நல்லதா இருக்கிறதால அது ஒடியலன்னு ஆயிடாது. அதை மறந்துராதீங்க."

"மறக்கல மேடம்."

"ஜாமீன் யாரு நிக்கப் போறா?"

உலகம்மை வாயைத் திறப்பதற்குள் மஞ்சள் பை மேஜைமேல் வந்தது. உள்ளே பிரமுவின் வீட்டுப் பத்திரம்.

"நான் நிக்கேன்."

"யாருக்கு? குடிச்சிட்டுப் பாத்திரத்தை வீசுற, ஸ்பானரைத் தூக்கி விரட்டுற, குளிக்காத ஆளுக்கா?"

"ஆமாம்மா. அப்படிப்பட்ட ஆளைப் பாத்துக்க ஒரு ஆளு வேணும்லா."

ராஜமணிக்கு மறுபடி இருமல்.

ஆகஸ்ட் 28, வியாழன்

ஜெயில் இல்லை.

ஒரு வருடம் நன்னடத்தை அலுவலர் மேற்பார்வையில் இருக்க வேண்டும். யாரோடும் சண்டை சச்சரவு கூடாது. மாதா மாதம் அம்மையாரைப் போய்ப் பார்க்க வேண்டும். பேச்சிமுத்துவுக்கு ஈடாகப் புது ஸ்பீக்கர் வாங்கித் தர வேண்டும். அலுவலர் அனுமதி இல்லாமல் குடியிருக்கும் வீட்டை மாற்றக் கூடாது. மீறினால் மறுபடி கூண்டு, அப்புறம் பாளையங்கோட்டை. மாஜிஸ்திரேட் வாசிக்க வாசிக்க நான் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினேன். கழுத்து சுளுக்கிக்கொண்டது.

நடுவில் பேச்சிமுத்துவை ஏதாவது சொல்ல விரும்புகிறாயா என்று கேட்டார். அவன் எழுந்து துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டான்.

"ஐயா, கை கூடிருச்சு. இந்த ஆளை உள்ள போட்டா என் ஆம்ப்ளிஃபயரை யாருய்யா பாக்கது?"

கோர்ட்டே சிரித்தது. நான் சிரிக்கவில்லை. அவனைப் பார்த்துக் கும்பிட்டேன். கோர்ட்டில் வைத்து அவனிடம் மன்னிப்புக் கேட்டது எனக்கு மட்டும்தான் கேட்டிருக்கும். வாய் அசைந்தது, சத்தம் வரவில்லை. வெளியே வந்ததும் சத்தமாகவும் ஒரு தடவை கேட்டுவிட்டேன். "சரி, விடும் வே. காபி வாங்கித் தாரும்" என்றான்.

பிரமு ஜாமீன் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாள். தோசைக்கல்லில் மாவை வட்டமாக இழுப்பதுபோல அவசரமில்லாமல், ஓரம் கிழியாமல்.

இரண்டு வேட்டியையும் பெட்டியிலிருந்து எடுத்துக் கொடியில் போட்டேன். துண்டு பெட்டியிலேயே கிடக்கட்டும்.

செப்டம்பர் 24, புதன்

நவராத்திரி. கோயிலில் பேச்சிமுத்து மைக்செட் கட்டினான். நான் வாங்கிக் கொடுத்த புது ஸ்பீக்கர். அதன் தொண்டை எட்டு ஊருக்குக் கேட்கும். பொருள் வாங்கினால் மட்டமாக வாங்கலாமா?

கைகள் இரண்டையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு கம்பத்தடியில் நின்று வேடிக்கை பார்த்தேன். தெருவே என்னை வேடிக்கை பார்த்தது.

பேச்சிமுத்து கம்பத்தின்மேல் இருந்தபடியே கத்தினான்: "பயப்படாதீரும் வே! இந்தத் தடவை என் வீட்டைப் பாத்தே கட்டிட்டேன். என் பொண்டாட்டி காலையில இருந்து என்னைத் திட்டுதா!"

பிரமு வீட்டு ஜன்னல் திறந்திருந்தது. சாயங்காலம் சுண்டல் கொடுத்தாள். படியேறி உள்ளே போய் வாங்கிக்கொண்டேன். கிரைண்டர் நன்றாக ஓடிக்கொண்டிருந்தது. யாரும் அதைப் பற்றிப் பேசவில்லை.

அக்டோபர் 6, திங்கள்

இன்று எழுதிய மனுவின் நகலை வரலாற்றுக்காக இங்கே ஒட்டுகிறேன்.

"மதிப்பிற்குரிய நன்னடத்தை அலுவலர் அம்மா அவர்களுக்கு, தங்கள் மேற்பார்வையில் வாழும் ஆவுடையப்பன் பணிவுடன் எழுதிக்கொள்வது. உத்தரவின்படி, தங்கள் அனுமதி இல்லாமல் நான் வீடு மாற்றக் கூடாது. ஐப்பசி மாதத்தில் நல்ல நாள் பார்த்து, நான் தற்போது குடியிருக்கும் வீட்டிலிருந்து மூன்று வீடு தள்ளியுள்ள, என் ஜாமீன்தாரர் திருமதி பிரமநாயகி அவர்களின் வீட்டுக்கு நிரந்தரமாகக் குடிபோக அனுமதி வேண்டுகிறேன். காரணம்: அங்குள்ள கிரைண்டர் அடிக்கடி பழுதாகிறது."

உலகம்மை படித்துவிட்டு என் தோளில் முகத்தை வைத்துச் சிரித்தாள். தோள் நனைந்துவிட்டது. வக்கீலுக்கு இவ்வளவு உணர்ச்சி ஆகாது.

பிரமுவும் வாங்கிப் படித்தாள்.

"காரணம் இவ்வளவுதானா?"

"அரசாங்கத்துக்கு இது போதும்" என்றேன். மீதியை அவளிடம் நேரில் சொன்னேன். அதை இந்த நோட்டில் எழுதுவதாக இல்லை.

அக்டோபர் 14, செவ்வாய்

அனுமதி வந்துவிட்டது. அடியில் சிவப்பு மையில், அம்மையார் தன் கையாலேயே ஒரு வரி சேர்த்திருக்கிறார்: "திருகாணியை முழுமையாக முடுக்கவும்."

முடுக்கிவிட்டேன்.